உதுக்கடை

என்னிடம் இப்போது கனடாவில், சாப்பாடு கட்டிக் குடுக்கிற ரேக்அவுட் கடைகள் மூன்று இருக்கின்றன. மோர்னிங்சைட்டில் ஒன்று, ரெக்ஸ்டேலில் ஒன்று, போன வருடம் பிறம்ரனில் ஒன்று. பதினோராம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவள் நான். கலியாண வீட்டுச் சாப்பாடு என்றால் ஸ்காபரோவில் முதலில் என்னுடைய போன்தான் அடிக்கும். இதை நான் சொல்லவில்லை, சனம் சொல்லுது.

என் மகன் படித்தவன். வியாபாரம் செய்வதற்கே ஒரு படிப்பு இருக்கிறதாம், அதைப் படித்தவன். போன மாதம் வந்து, "அம்மா, கடையிலை ஒரு ஸ்கிரீன் பூட்டுவம். வாறவை தட்டி ஓடர் பண்ணட்டும்" என்றான். நான் மாட்டேன் என்றேன். என் கடைகளில் நீளமாக ஒரு கண்ணாடி, அதற்குப் பின்னால் சாப்பாடு, அவ்வளவுதான். சுவரில் பட்டியல்கூட இல்லை. ஏன் என்று கேட்டான். அவனுக்குச் சொல்லாமல் விட்டதையும் சேர்த்து இங்கே எழுதுகிறேன்.

தொண்ணூறுகளின் தொடக்கம். எனக்குப் பதின்மூன்று வயது. மோர்னிங்சைட்டில் எங்கள் அடுக்குமாடிக்கு எதிரே ஒரு பிளாசா. உடுப்புத் தோய்க்கிற கடை, வீடியோக் கடை, ஒரு பல் டொக்டர், மூலையில், மெல்லிய ரொட்டிக்குள் சோறும் இறைச்சியும் வைத்துச் சுற்றித் தருகிற ஒரு புறிற்றோக் கடை. நகரத்தில் ஏழெட்டுக் கிளைகள் வைத்திருந்த கொம்பனி அது. பெயர் ஸ்பானிஷ் பெயர். எங்கள் ஆட்களின் நாக்கில் அது ஆளுக்கொரு மாதிரி வந்ததால் ஒருவரும் அந்தப் பெயரைச் சொல்வதில்லை.

அந்தக் கடையைக் கண்டுபிடித்தது என் மாமா, அம்மாவின் தம்பி. எங்களோடுதான் இருந்தார். கண்டுபிடித்தார் என்று சொல்வதைவிட, பிழைபட்டு உள்ளே போனார் என்பதுதான் சரி. கடை வாசலில் ஒட்டியிருந்த படத்தில் மண்ணிறத்தில் உருட்டிய ஒரு சாமான், நுனியை வெட்டி உள்ளே இறைச்சியைக் காட்டியிருந்தார்கள். மாமாவின் கண்ணுக்கு அது மட்டன் ரோல்ஸ். வெள்ளைக்காரன் கடையில் ரோல்ஸ் விற்கிறான் என்ற புளுகத்தில், சந்தோஷம் தாங்காமல் உள்ளே போய், ஆறு விரலைக் காட்டி ஆறு வாங்கிக்கொண்டு வந்தார். தேத்தண்ணியோடு கடிக்கலாம் என்று அம்மா கேத்திலை அடுப்பில் வைத்தார். பையைத் திறந்தால் ஒவ்வொன்றும் கைக்குழந்தையின் தொடை அளவு.

"எடேய், உது ரோல்ஸோ? உதை ஆர் தின்னுறது?" என்றார் அம்மா.

"கனடா ரோல்ஸ் அக்கா. இஞ்சை எல்லாம் பெரிசுதானே" என்றார் மாமா.

மூன்று பேரும் இரண்டு நாள் சாப்பிட்டோம். இரண்டாம் நாள் மிச்சத்தை அம்மா தாச்சியில் போட்டு, இரண்டு முட்டை உடைத்து ஊற்றி, எங்கள் கறித்தூளைத் தூவிக் கொத்தினார். அப்படி ஒரு கொத்துரொட்டியை அதற்கு முன்னால் நான் சாப்பிட்டதில்லை. என் மூன்று கடைகளிலும் இன்றைக்கு 'ஸ்பெஷல் கொத்து' என்று போவது அதுதான். செய்முறையை மட்டும் கேட்காதீர்கள்.

இரண்டு மாதத்துக்குள் எங்கள் கட்டடம் முழுக்க அந்தக் கடைக்குப் போகத் தொடங்கியது. ருசி ஒரு காரணம்தான். பெரிய காரணம் அந்தக் கண்ணாடி. எங்கள் யாழ்ப்பாணப் பேச்சில் இதுக்கும் அதுக்கும் நடுவில் ஒரு 'உது' இருக்கிறது. எனக்குப் பக்கத்தில் இருந்தால் இது. இரண்டு பேருக்கும் தூரத்தில் இருந்தால் அது. என் கண்ணுக்கு முன்னால், ஆனால் உங்கள் கைக்குப் பக்கத்தில் இருந்தால் உது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருக்கிற சாப்பாட்டைச் சொல்ல இதைவிடப் பொருத்தமான சொல் எந்தப் பாஷையிலும் இல்லை. எனக்குத் தெரிந்தது இரண்டு பாஷைதான், இருந்தாலும் சொல்வேன்.

மற்றக் கடைகளில் என்ன நடக்கும்? மேலே பட்டியல் தொங்கும். அதை வாசிக்க வேண்டும், பெயரைச் சொல்ல வேண்டும், அவன் திருப்பி ஏதோ கேட்பான், விளங்காமல் 'யெஸ்' என்று சொல்லிவிட்டு எது வருகிறதோ அதைத் தின்ன வேண்டும். இங்கே அந்தக் கரைச்சல் இல்லை. கண்ணாடியோடு நடந்துகொண்டே விரலை நீட்டி உது, உது, உது வேண்டாம், உதிலை கொஞ்சம் என்று சொன்னால் போதும். நடந்து முடிகிற இடத்தில் சாப்பாடு சுற்றிக் கையில் வரும்.

கண்ணாடிக்குப் பின்னால் நின்றவர் எல் சல்வடோரில் இருந்து வந்த ஒரு பெண். அம்மாவின் வயதுதான் இருக்கும். அவருடைய நாட்டிலும் சண்டையாம். அவருடைய இங்கிலீசும் எங்களுடையதைப்போலத் தட்டித் தடவித்தான் வரும். ஆனால் காது என்றால் காது. நாலைந்து மாதத்தில் அகப்பையைச் சோற்றுக்கு மேலே பிடித்துக்கொண்டு அவரே "உது?" என்று கேட்கத் தொடங்கினார். பிறகு போட்டு முடித்ததும், போதுமா என்பதற்கு, "காணுமா?" பிறகு மிளகாய்ச் சட்டிக்கு மேலே கையை வைத்துக்கொண்டு "உறைப்பு?" சனம் அவருக்கு உது அக்கா என்று பெயர் வைத்தது. கடைக்கு உதுக்கடை.

அந்தக் கடையில் எங்கள் சனம் வைத்திருந்த பற்றைச் சொன்னால் இப்போதுள்ள பிள்ளைகள் நம்பமாட்டார்கள். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து கத்தோலிக்க ஆட்கள் கோட்டும் சேலையுமாக வரிசையில் நிற்பார்கள். வெள்ளிக்கிழமை சைவக்காரரின் முறை. இறைச்சி மச்சம் பட்ட கரண்டி கூடாது என்று கையால் ஒரு சைகை காட்டினால் உது அக்கா கையுறையைக் கழற்றி, புதுக் கரண்டி எடுத்து, கறுத்த அவரையை அள்ளுவார். கத்தோலிக்க ஆட்களும் இறைச்சி தின்னாத தபசு காலத்து வெள்ளிக்கிழமைகளில் இரண்டு பகுதியும் சேர்ந்து வந்து மத்தியானத்துக்குள்ளேயே அவரை முடிந்துவிடும். பிறம்ரனுக்குக் குடிபோன ஒரு அங்கிள் மாதத்தில் ஒரு ஞாயிறு கார் ஓடிவந்து எட்டு வாங்கி, துவாயில் சுற்றி, பிள்ளைகளின் மடியில் வைத்துக் கொண்டு போவார். பதிவுக் கச்சேரியில் கலியாணம் எழுதிவிட்டு நேரே உதுக்கடைக்கு வந்த மாப்பிள்ளை பொம்பிளையைக்கூட நான் கண்டிருக்கிறேன். பொம்பிளை கூறைச்சேலையில் சோஸ் படாமல் குனிந்து நின்று தின்றா.

அம்மா மட்டும் ஒன்றை ஏற்றுக்கொள்ளவே இல்லை. ஆனைக்கொய்யாப் பழத்தை, அதுதான் அவக்காடோவை, சீனி போட்டுத்தானே நாங்கள் சாப்பிடுகிறது. அதை உப்பும் தேசிக்காய்ப் புளியும் போட்டு மசித்து வைத்திருந்தார்கள். "பழத்துக்கு உப்புப் போடுற மனுசரோ" என்று வீட்டில் வந்து திட்டுவார். ஆனால் ஒவ்வொரு வெள்ளியும் அதில் ஒரு கரண்டி வாங்காமல் வரமாட்டார்.

இனி அம்மாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். நாங்கள் வந்து மூன்று வருடம். அம்மா பிஸ்கற் பக்ரறியில் பெட்டி அடைக்கிற வேலை. அங்கே சுற்றிவர எல்லாரும் தமிழ்ப் பெண்கள், இங்கிலீஷ் தேவையில்லை. மற்ற எல்லாவற்றுக்கும் அம்மாவின் வாய் நான்தான். டொக்டரிடம் அம்மாவுக்கு எங்கே நோகிறது என்று நான் சொல்வேன். வீட்டு மனேஜரோடு நான் சண்டை பிடிப்பேன். அகதி வழக்குக்கு லோயரின் கந்தோரில், அப்பாவை வீட்டிலிருந்து கொண்டுபோன கதையை அம்மா சொல்லச் சொல்ல நான் இங்கிலீசில் சொன்னேன். அம்மா கால்மணித்தியாலம் சொன்னதை நான் மூன்று வசனத்தில் முடித்தேன். அவ்வளவு கெட்டிக்காரி. வெளியே வரும்போது, "நான் சொன்னதெல்லாம் சொன்னியோ?" என்று அம்மா கேட்டார். "ஓம், எல்லாம் சொல்லிட்டன்" என்றேன். அம்மா பிறகு அதைப் பற்றிக் கேட்கவில்லை.

உதுக்கடைக்கு மட்டும் அம்மா என்னைக் கூப்பிடுவதில்லை. வெள்ளிக்கிழமை வேலை முடிந்து பஸ்ஸால் இறங்கித் தனியே போவார். பையோடு வீட்டுக்கு வந்ததும் சப்பாத்தைக் கழற்ற முதலே கதை தொடங்கும். "இண்டைக்கு அவ பிள்ளை எப்பிடி எண்டு கேட்டா. நான் குட் எண்டன். அவவின்ரை மகனுக்குக் காய்ச்சலாம். நான் மல்லித்தண்ணி அவிச்சுக் குடுக்கச் சொன்னன்." மல்லிக்கு இங்கிலீஷ் தெரியாமல் எப்படிச் சொன்னீர்கள் என்று கேட்டால், "கடையிலை மல்லியிலை கிடந்தது, உது எண்டு காட்டினன்" என்பார். அந்த ஒரு மணித்தியாலம் அம்மாவின் முகம் வேறு முகம். எனக்கு அது சாப்பாட்டின் சந்தோஷம் என்றுதான் பட்டது.

அடுத்த மாரியில் கடைக்குப் புது மனேஜர் வந்தான். வரிசை மெல்ல நகருகிறது என்று அவனுக்குக் கவலை. ஒரு கிழமையில் எல்லாவற்றையும் மாற்றினான். கண்ணாடி முழுக்க மிளகாய்ப் படமும் தக்காளிப் படமும் ஒட்டி மூடினான். மேலே பட்டியல் தொங்கியது. காசு வாங்குகிற இடத்தில் பெயரைச் சொல்லி ஓடர் பண்ண வேண்டும், பின்னால் சுவருக்கு அந்தப் பக்கம் செய்து கொண்டுவருவார்கள். உது அக்காவையும் அந்தச் சுவருக்குப் பின்னால் அனுப்பிவிட்டான்.

முதல் அடி மாமாவுக்குத்தான். காசு வாங்குகிற ரில்லில் நின்றவன் என்ன வேண்டும் என்று கேட்க, மாமா பழக்கதோஷத்தில் மிளகாய்ப் படத்தைக் காட்டி "உது" என்றார். அவன் ஒரு கோப்பை நிறைய வெட்டிய ஊறுகாய் மிளகாயைக் கொண்டுவந்து வைத்தான். பின்னால் பத்துத் தமிழ்ச் சனம் பார்த்துக்கொண்டு நிற்கிறது. மாமா மேசையில் இருந்து அவ்வளவையும் தின்று முடித்து, கண்ணால் தண்ணீர் ஓட, "நல்ல உறைப்பு" என்று சொல்லிவிட்டு வந்தார்.

அடுத்த வெள்ளி பள்ளிக்கூடம் விட்டதும் நான் நேரே கடைக்குப் போனேன். வரிசையில் எங்கள் ஆட்கள் பட்டியலைப் பார்த்துக்கொண்டு விறைத்துப்போய் நின்றார்கள். நான் முன்னுக்குப் போய் ரில்லுக்குப் பக்கத்தில் நின்று முதல் ஆளுக்கு ஓடர் சொன்னேன். பிறகு அவருக்குப் பின்னால் நின்ற அன்ரிக்கு. பிறகு எல்லாருக்கும். "பிள்ளை, எனக்கும் ஒண்டு சொல்லிவிடு." "தங்கச்சி, அந்த வெள்ளையாக் கிடக்கிறது வேண்டாம் எண்டு சொல்லு." என்னைப்போல வேகமாகச் சொல்ல அந்த வரிசையில் ஆள் இல்லை. ரில்காரன் எனக்குச் சும்மா ஒரு பை சோளச் சிப்ஸ் தந்தான். மாமா வாசலில் நின்று, "வழி விடுங்கோ, லோயர் அம்மா வேலையிலை நிக்கிறா" என்று பகிடி பண்ணினார். இன்றைக்கு முந்நூறு பேர் கலியாணத்தில் நின்று நான் வேலை வாங்குகிறேன் என்றால் அந்த வெள்ளிக்கிழமைதான் அதற்குத் தொடக்கம்.

வரிசையில் அம்மாவும் நின்றார். அன்றைக்கு வழமையைவிட நேரான நிற்பு. வேலைக் கோட்டின் பொத்தான்கள் எல்லாம் பூட்டியிருந்தன. தன் முறை வந்ததும் ரில்காரனைப் பார்த்து "குட்..." என்று தொடங்கினார். அவ்வளவுதான் சொல்லவிட்டேன். எனக்குத்தான் அம்மாவின் ஓடர் பாடமாயிற்றே. ஒரே மூச்சில் எல்லாவற்றையும் ரில்காரனிடம் சொல்லி முடித்து, காசைக் குடுக்கச் சொல்லி அம்மாவைப் பார்த்தேன். அம்மாவின் வாய் இன்னும் கொஞ்சம் திறந்திருந்தது. விரித்துப் பிடித்திருந்த இடது உள்ளங்கையில் நீல மையால் கோடு கோடாக ஏதோ இருந்தது. தமிழ் 'ப' மாதிரியும் ஒன்று தெரிந்தது. பக்ரறியில் பெட்டிக்குக் குத்துகிற முத்திரை மை ஒட்டியிருக்கிறது என்று நினைத்தேன். அம்மா கையைப் பொத்திக் கோட்டுப் பொக்கற்றுக்குள் வைத்துக்கொண்டார்.

அடுத்த வெள்ளி அம்மா கடைக்கு வரவில்லை. அதற்கு அடுத்த வெள்ளியும் இல்லை. நான் அம்மாவின் பங்கை வாங்கிக்கொண்டு போனால், "பசிக்கேல்லை, மாமாக்குக் குடு" என்பார். ஆனைக்கொய்யாவைத் திட்டவுமில்லை. வெள்ளிக்கிழமை வீட்டில் கதை இல்லாமல் போனது. அம்மாவுக்குப் புறிற்றோ அலுத்துவிட்டது என்று முடிவுகட்டினேன். மற்றப்படி என் ராச்சியம் நன்றாக நடந்தது. கட்டடத்தில் லிஃப்ற்றில் ஏறினால் பெரிய ஆட்கள் தள்ளி நின்று எனக்கு இடம் விட்டார்கள்.

மூன்றாவது வெள்ளி உது அக்கா ஒரு தட்டோடு சுவருக்குப் பின்னாலிருந்து வெளியே வந்தவர், என்னைக் கண்டுவிட்டு நின்றார். உன் அம்மா எங்கே என்று அவருடைய உடைந்த இங்கிலீசில் கேட்டார். அம்மா வரத் தேவையில்லை, அம்மாவின் ஓடரை நான் சொல்கிறேன் என்றேன். அவர் தட்டை மேசையில் வைத்தார். அம்மாவும் தானும் ஒரே பஸ் தரிப்பிடத்தில்தான் நிற்கிறவர்கள் என்றும், படம் ஒட்டிய கிழமை முழுக்க அம்மா அங்கே நின்று தன்னோடு சொல்லிப் பழகியதாகவும் சொன்னார். முதல் சொல்லிலிருந்து கடைசிச் சொல் வரைக்கும். "அவ ரெடியாத்தான் வந்தவ" என்றார்.

எனக்கு விளங்கவில்லை. நான் இருக்கும்போது அம்மா எதற்காகக் குளிரில் நின்று பழக வேண்டும்? வேண்டாத வேலை என்று பட்டது. சரி என்று தலையாட்டிவிட்டு அடுத்த அன்ரியின் ஓடரைச் சொல்லப் போனேன்.

அந்தக் கிழமையே எனக்குக் கொப்பளிப்பான் அம்மை போட்டது. எங்கள் வீடுகளில் அது அம்மாளின் வருத்தம். வேப்பமிலைக்கு எங்கே போவது, அம்மா வாசலில் மஞ்சள் தண்ணீர் தெளித்தார். மச்சம் இல்லை, வெளிச் சாப்பாடும் இல்லை. இரண்டு கிழமை படுக்கையில் கிடந்தேன். கடை என்ன பாடுபடுகிறதோ என்ற கவலைதான் எனக்கு. மாமா வந்து செய்தி சொல்வார். சனம் ஒன்றும் போகிறதில்லையாம். போன நாலைந்து பேரும் படத்தைக் காட்டி மிளகாய் வாங்கிக்கொண்டு வந்தார்களாம். பிறகு தலைமைக் கந்தோரில் இருந்து ஒருவன் வந்து வெறும் கடையைப் பார்த்துக்கொண்டு நின்றானாம். உது அக்கா சுவருக்குப் பின்னாலிருந்து வெளியே வந்து, எல்லாருக்கும் முன்னால், சனம் ஏன் வரவில்லை என்று அவனுக்கும் மனேஜருக்கும் அரைமணித்தியாலம் சொன்னாவாம். கடைசியில் தானே ஒரு மிளகாய்ப் படத்தின் நுனியைப் பிடித்து உரித்துக் காட்டினாவாம். சத்தியமாக அந்தப் பெண்ணைப்போல நாலுபேர் இருந்தால் நான் இன்னும் மூன்று கடை திறப்பேன்.

எனக்குத் தலைக்குத் தண்ணீர் வார்த்தது ஒரு வெள்ளிக்கிழமை. பின்னேரம் அம்மா கோட்டைப் போட்டுக்கொண்டு, "வா, கடைக்குப் போட்டு வருவம்" என்றார். எனக்குப் பெரிய புளுகம். என் இடத்துக்குத் திரும்பப் போகிறேன்.

போனால் கண்ணாடி பளபளவென்று இருக்கிறது. ஒரு படமும் இல்லை. வரிசை வாசலுக்கு வெளியே நிற்கிறது. உது, உது என்று ஒரே சத்தம். ஒருவர்கூட என்னைத் தேடவில்லை. "ஆ, வருத்தம் மாறிட்டுதோ பிள்ளை" என்று ஒரு அன்ரி கேட்டுவிட்டுத் திரும்பிச் சோற்றைக் காட்டினா.

அம்மாவின் முறை வந்தது. உது அக்காவுக்கு அம்மாவைக் கண்டதும் முகம் முழுக்கச் சிரிப்பு. அகப்பையைச் சோற்றுக்கு மேலே பிடித்து, "உது?" என்றார்.

அம்மா விரல் நீட்டவில்லை. கைகள் இரண்டும் பக்கத்தில் தொங்க நின்று, தொண்டையைச் செருமிக்கொண்டு இங்கிலீசில் சொன்னார்.

"குட் ஈவினிங். வன் பிளாக் பீன்ஸ் புறிற்றோ, பிளீஸ். நியூ ஸ்பூன். நோ சீஸ். அவக்காடோ, யெஸ்."

வரிசையில் உது சத்தம் நின்றுபோனது. அம்மாவிடமிருந்து அவ்வளவு நீளமான இங்கிலீஷ் நான் கேட்டதில்லை. 'பிளாக்' என்பதைப் 'பிளேக்' என்றது போலச் சொன்னார். திருத்துவதற்கு வாயைத் திறந்தேன். அம்மா என்னைத் திரும்பிப் பார்க்காமலே, "நீ பேசாமல் நில்" என்றார். பிறகு கண்ணாடிக்கு அந்தப் பக்கம் பார்த்து, "போர் மை டோட்டர், வன் சிக்கின். நோ ஒனியன். ஷீ நோ லைக்" என்றார்.

நான் கூனிக் குறுகிப் போனேன். எனக்கு என்ன வேண்டும் என்று எனக்குச் சொல்லத் தெரியாதா? அதுவும் பிழையான இங்கிலீசில், இவ்வளவு சனத்துக்கு முன்னால், சின்னப் பிள்ளை மாதிரி.

உது அக்கா கையுறையை மாற்றினார். புதுக் கரண்டி எடுத்தார். ஆனைக்கொய்யாவை அள்ளி ஒன்றுக்கு இரண்டாகப் போட்டுவிட்டு, "காணுமா?" என்று தமிழில் கேட்டார்.

"இனஃப், தாங்க் யூ" என்றார் அம்மா.

மேசையில் எனக்கு எதிரே இருந்து அம்மா பொட்டலத்தைப் பிரித்தார். பழத்துக்கு உப்புப் போடுகிற மனுசரைப் பற்றி ஒரு திட்டுத் திட்டினார். நான் முகத்தை நீட்டிக்கொண்டு இருந்தேன். வாய் துடைக்கக் கடதாசி எடுக்கும்போது அம்மாவின் உள்ளங்கை தெரிந்தது. நீல மை ஒரு பொட்டுக்கூட இல்லை, நல்ல துப்புரவு. பக்ரறியில் இப்போது கையுறை குடுக்கத் தொடங்கிவிட்டார்கள் போல என்று நினைத்துக்கொண்டு, வெங்காயம் இல்லாத என் பங்கைக் கோபத்தோடு தின்று முடித்தேன்.